சிறகும் பொறியும்: தமிழ்க் காப்பியங்களில் பறவைவழிப் பறத்தல்

முன்னுரை

பாலக்காட்டு மாவட்டத்தில் பாரதப்புழையை ஒட்டிய பத்திரகாளி கோயில்களில் தோற்பாவைக்கூத்து இன்றும் நிகழ்த்தப்பெறுகின்றது. மலையாளம் வழங்கும் நிலத்தில் நிகழும் இக்கூத்துக்கு அடிப்படையாய் அமைந்த நூல் கம்பராமாயணமாகும். கூத்துமாடம் என்னும் நிலையான மேடையில் நீண்ட திரையைக் கட்டி, அதன்பின் 21 விளக்குகளை ஏற்றி, தோலில் வெட்டிய பாவைகளின் நிழலை அத்திரையில் வீழ்த்துவர். புலவர் எனப் பட்டம் பெற்ற கலைஞர் கம்பன் பாடல்களைப் பாடிப் பொருள் விரிப்பர். தாரிகனோடு போரிட்டுக் கொண்டிருந்தமையால் இராமன், இராவணன் போரைக் காண இயலாது போன காளிக்காகவே இக்கூத்து நிகழ்த்தப்பெறுகின்றது என்பது மரபு. ஆதலின் காண்போர் எவரும் வாராத இரவிலும் கூத்து நிற்பதில்லை.

இக்கூத்தில் வரும் கதைப்பகுதிகளுள் சடாயுவின் வீழ்ச்சியும் சம்பாதியின் கதையும் சிறகோடு தொடர்புடையவை. முன்னதில் வாளால் சிறகு அறுகின்றது. பின்னதில் வெயிலால் சிறகு தீய்கின்றது. கம்பன் பாட்டு கூத்தாக வழங்கும் இதே மாவட்டத்தில், பாலக்காடு நகரின் சைனமேட்டில், பழைய சமணக் கோயில் ஒன்றும் உண்டு. தமிழ்க் காப்பிய மரபில் பறத்தல் பற்றிய இருபெருங் கதைகளுள் ஒன்று இராமகாதையிலும் மற்றொன்று சமணக் காப்பியமாகிய சீவக சிந்தாமணியிலும் இடம்பெறுகின்றன. முதற்கதை சம்பாதியின் சிறகைப் பற்றியது. மற்றையது விசயையின் மயிற்பொறியைப் பற்றியது. இவ்விரண்டையும் ஒருங்குவைத்து ஆராய்ந்தோர் மிகுதியும் இலர். மயிற்பொறியைத் தனித்தெடுத்து, பண்டைத் தமிழர் வானூர்தி அமைத்தமைக்குச் சான்று எனக் காட்டும் போக்கே மேடைகளிலும் கட்டுரைகளிலும் மிகுந்துள்ளது.

பறவையைப் பின்பற்றிப் பறக்க முயன்ற உலகோர் வரலாற்றோடு இவ்விரு கதைகளையும் ஒப்புநோக்கினால், மயிற்பொறிப் பகுதியின் சிறப்பு வேறோரிடத்தில் இருப்பது புலனாகும். பறவையின் உருவை ஒத்தல் வேறு, பறத்தலை ஆளுதல் வேறு என்னும் வேறுபாட்டைத் திருத்தக்கதேவர் கதைக்குள் அமைத்துக் காட்டியுள்ளார் என்பதே இக்கட்டுரையின் கருத்து.

சம்பாதியின் சிறகு

கிட்கிந்தா காண்டத்துச் சம்பாதிப் படலத்தில், சீதையைத் தேடிச் சென்ற வானரர் தென்கடற்கரையில் செயலற்று நிற்கின்றனர். சடாயு இறந்தான் என்னும் சொல்லைக் கேட்டுச் சிறகற்ற முதிய கழுகாகிய சம்பாதி அவர்களிடம் வருகின்றான். தானும் தம்பியும் இளமையில் வானின் எல்லையைக் காண விழைந்து மேலெழுந்ததையும், கதிரவனின் வெம்மை தம்பியைத் தாக்கியபோது தன் சிறகை விரித்து அவனை மறைத்ததையும், அதனால் தன் சிறகு தீய்ந்து தான் வீழ்ந்ததையும் அவன் எடுத்துரைக்கின்றான். வானரர் இராமன் பெயரைச் சொல்ல அவனுக்கு மீண்டும் சிறகு முளைக்கின்றது.

இக்கதையைக் கிரேக்கத்து இக்காரசு கதையோடு ஒப்பிடுதல் வழக்கம். உரோமப் புலவர் ஓவிட் தம் மெட்டமார்போசிசு எட்டாம் நூலில் இக்கதையைப் பாடியுள்ளார். இறகுகளை நூலாலும் மெழுகாலும் பிணைத்துத் தந்தை தெதாலசு சிறகு செய்கின்றான். நடுவழியே செல்க என்ற தந்தையின் சொல்லை மறந்து மேலே ஏறிய மைந்தனின் மெழுகு உருக, அவன் கடலில் வீழ்ந்து மாள்கின்றான்.

இரு கதைகளிலும் கதிரவன் உண்டு, சிறகின் அழிவு உண்டு, இருவர் உண்டு. எனினும் வேறுபாடுகள் ஒற்றுமையினும் ஆழமானவை. இக்காரசின் சிறகு செய்யப்பெற்றது. சம்பாதியின் சிறகு உடன்பிறந்தது. இக்காரசு தன் களிப்பால் வீழ்கின்றான்; சம்பாதி தம்பியைக் காக்க முற்பட்டு வீழ்கின்றான். கம்பன் காட்டும் கதையில் குற்றமாக நிற்பது விழைவு மட்டுமன்று. அவ்விழைவின் விலையைத் தமையன் தன்மேல் ஏற்றுக்கொள்ளும் அன்பும் உடன் நிற்கின்றது. ஆதலின் இதனைச் செருக்கின் வீழ்ச்சி எனச் சுருக்குதல் பொருந்தாது.

ஆயினும் பறத்தலைப் பற்றிய சிந்தனை என்னும் நோக்கில் சம்பாதி கதைக்கு ஓர் எல்லை உண்டு. அவன் பறவை. பறத்தல் அவனுக்கு இயல்பு, கற்க வேண்டியதன்று. சிறகு இருந்தால் பறக்கலாம், சிறகு போனால் வீழலாம் என்னும் இரண்டு நிலைகளே அக்கதையில் உள. மாந்தர் பறத்தல் என்னும் சிக்கல் தோன்ற வேண்டுமாயின் சிறகற்ற ஒருவர் வானில் ஏற வேண்டும். அதற்குத் தமிழில் முதலில் கிடைப்பது பொறியன்று, தேவர் ஊர்தியே.

ஓட்டுநர் வேண்டா ஊர்தி

உறையூர் முதுகண்ணன் சாத்தனார் பாடிய 27ஆம் புறப்பாட்டில் வானில் செல்லும் ஊர்தி ஒன்று சுட்டப்பெறுகின்றது. செய்யவேண்டிய வினையைச் செய்து முடித்துப் புலவர் பாடும் புகழைப் பெற்றோர், செலுத்துவோன் இல்லாமலே செல்லும் விண்ணூர்தியை எய்துவர் என்பது அப்பாட்டின் கருத்து. வானூர்திக்குச் சான்றாக இதுவும் அடிக்கடி எடுத்துக்காட்டப்பெறுகின்றது. பாட்டின் நோக்கமோ நிலையாமையும் ஈகையுமாகும். மறுமைப் பயனாகக் கூறப்பெறும் ஊர்திக்கு ஓட்டுநர் வேண்டுவதில்லை. ஏனெனில் அது செய்த அறத்தால் இயங்குகின்றது. அதில் ஏறுவோர் இறங்கவும் வேண்டுவதில்லை.

கொங்குவேளிரின் பெருங்கதையில் இந்நிலை சற்று மாறுகின்றது. உதயணன் தேவி வாசவதத்தை கருவுற்றிருந்தபோது வானில் சென்று காண விழைகின்றாள். நரவாண காண்டத்தில் ‘வயாக் கேட்டது’, ‘வயாத் தீர்ந்தது’ என்னும் தலைப்புகளே அவ்விழைவு கதையில் பெறும் இடத்தைக் காட்டும். இதே கதையை வடமொழியில் பாடிய புதசுவாமி, அரசன் ஆணையிட்டபோது தச்சர் தம்மால் இயலாது என்றும் வான்பொறி செய்யும் முறை யவனர்க்கே தெரியும் என்றும் கூறியதாகவும், பின்னர் வந்த கைவினைஞன் ஒருவன் கருட வடிவில் ஊர்தி செய்ததாகவும் அமைத்துள்ளார். இங்கு வானூர்தி அறத்தின் பயன் என்னும் நிலையினின்று கைவினையின் பயன் என்னும் நிலைக்கு இறங்கி வருகின்றது. எனினும் ஊர்வோர்க்கு அது இன்பச் செலவே. இடர் எதுவும் நேர்வதில்லை.

மயிற்பொறியின் ஆக்கமும் இயக்கமும்

சிந்தாமணியின் முதற்பகுதியாகிய நாமகள் இலம்பகத்தில் ஏமாங்கத நாட்டு மன்னன் சச்சந்தன், தேவி விசயைமேற்கொண்ட காதலால் ஆட்சியை அமைச்சன் கட்டியங்காரனிடம் ஒப்புவிக்கின்றான். விசயை கண்ட கனவு, வரப்போகும் கேட்டை முன்னறிவிக்கின்றது. தான் தப்ப இயலாது எனினும் கருவுற்ற தேவி தப்ப வேண்டும் எனக் கருதிய மன்னன், வானில் செல்லும் பொறி ஒன்று செய்யுமாறு கம்மியனை ஏவுகின்றான்.

அடுத்து வரும் பாடல்களில் ஐந்து நிலைகள் வரிசைப்பட அமைந்துள்ளன. அவ்வரிசை கருதத்தக்கது.

முதலாவது, ஆக்கம். கம்மியன் எடுத்துக்கொண்ட பொருள்களாகக் கிழி, பயின், துகில், நூல், அரக்கு, மெழுகு ஆகியனவும் பிறவும் கூறப்பெறுகின்றன. பயின் என்பது ஒட்டும் பிசின். ஏழு நாளில் பொறி முடிவுறுகின்றது. இப்பட்டியலில் மரமும் இரும்பும் பெயர் சுட்டிக் கூறப்பெறவில்லை. துணி, பசை, நூல், அரக்கு, மெழுகு என்பன பாவை செய்வோன் கைப்பொருள்கள். ஓவிட் கூறும் நூலும் மெழுகும் இங்கும் வருதல் கடன்கொண்டதைக் காட்டாது. சிறகின் எடையின்மையை எண்ணிய இரு புலவரும் எடையற்ற பொருள்களையே நாடினர் என்பதைக் காட்டும்.

இரண்டாவது, ஒப்புமைத் தேர்வு. கம்மியன் தான் செய்த மயிலோடு உண்மையான மயில் ஒன்றையும் மன்னன்முன் கொண்டு சென்று, இவற்றுள் ஆடும் மயில் எது என அறிந்தருளுமாறு வேண்டுகின்றான். உருவில் இரண்டும் ஒன்றே. பின்பற்றுதல் என்னும் கலை இங்கே நிறைவெய்தி விடுகின்றது. சிற்பியின் திறமையைப் புகழ்தலே நோக்கமாயின் புலவர் இத்துடன் நின்றிருக்கலாம்.

மூன்றாவது, இயக்கம். பொறியை வலப்புறம் திரித்தால் மேகத்தைப் பிளந்து வானில் எழும். இடப்புறம் திரித்தால் காலைக் குவித்து நிலத்தில் அமரும். உருவால் மயிலைப் போன்றிருந்த பொறி, இயக்கத்தால் மயிலைப் போன்றதன்று. எந்த மயிலும் திரித்தலால் எழுவதில்லை. உருவம் பறவையிடமிருந்து பெறப்பெற்றது. இயக்கமோ மாந்தர் கையில் வைக்கப்பெற்றது. ஏறுதற்கு ஒரு வழி கூறிய புலவர், இறங்குதற்கும் ஒரு வழி கூறியுள்ளமை மேலும் குறிப்பிடத்தக்கது.

நான்காவது, பயிற்சி. பொறியைச் செலுத்தும் முறை விசயைக்குக் கற்பிக்கப்பெறுகின்றது. அதனைத் திரிக்கும் அவள் விரலைப் பண் பயின்ற விரலாகப் புலவர் காட்டுகின்றார். யாழ்நரம்பில் பழகிய கைக்குரிய நுண்மை வான்செலவுக்கும் வேண்டும் என்பது இவ்வடையால் பெறப்படும். பறத்தல் சிறகால் மட்டும் அமைவதன்று, கற்றுப் பெறும் கைத்திறம் என்னும் கருத்து இங்கு இடம்பெறுகின்றது.

ஐந்தாவது, வீழ்ச்சி. கட்டியங்காரன் படை அரண்மனையைச் சூழ்கின்றது. பிரிய மறுத்த தேவியை மன்னன் தேற்றிப் பொறியில் ஏற்றி அனுப்பிவிட்டுப் போரிட்டு மாள்கின்றான். வானில் செல்லும் விசயையின் செவியில் பகைவனின் வெற்றிமுரசு விழுகின்றது. அவள் மயங்குகின்றாள். செலுத்துவார் இல்லாத பொறி ஊர்ப்புறத்துச் சுடுகாட்டில் வந்து இறங்குகின்றது. அங்கே சீவகன் பிறக்கின்றான்.

ஆக்கம், தேர்வு, இயக்கம், பயிற்சி, வீழ்ச்சி என்னும் இவ்வைந்தும் ஒரு சிறு பகுதிக்குள் அடங்கியுள்ளன. சீவகன் கதையைக் கூறும் வடமொழிச் சத்திரசூடாமணியிலும் மயில்வடிவப் பொறி வருதலின், பொறி என்னும் கதைக்கூறு சமண மரபில் பொதுவாக வழங்கியதே. எனினும் கூறு எங்கிருந்து வந்தது என்பதினும் காப்பியத்துள் அது என்ன செய்கின்றது என்பதே திறனாய்வுக்கு உரிய வினா. புறப்பாட்டின் ஊர்திக்கு ஓட்டுநர் வேண்டா. சிந்தாமணியின் பொறியோ ஓட்டுநரின் உணர்வு தவறிய அப்பொழுதே தரைக்கு வருகின்றது. தேவர்க்குரிய ஊர்தி மாந்தர்க்குரிய பொறியாக மாறிய இடம் இதுவே.

உலகோர் முயற்சிகள்: வாலும் இறக்கமும்

திருத்தக்கதேவர் காலத்தை அறிஞர் ஒன்பது, பத்தாம் நூற்றாண்டுகளில் வைப்பர். அக்காலத்தை ஒட்டிப் பறவையைப் பின்பற்றி உண்மையிலேயே பறக்க முயன்றோராக இருவர் பேசப்பெறுகின்றனர். ஒன்பதாம் நூற்றாண்டில் எசுப்பானியத்துக் கோர்தோபா நகரில் வாழ்ந்த அப்பாசு இப்னு பிர்னாசு, உடலில் இறகுகளைப் பொருத்திச் சிறகு கட்டிப் பறந்ததாகப் பிற்கால வரலாற்றாசிரியர் அல் மக்கரி கூறுகின்றார். சிறிது தொலைவு சென்ற அவர் இறங்கும்போது முதுகில் அடிபட்டார். பறவை வாலை ஊன்றி இறங்குகின்றது, அவரோ வால் அமைக்க மறந்தார் என்பது அக்குறிப்பு. பதினோராம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இங்கிலாந்து மால்மசுபரி மடத்துத் துறவி எயில்மர், கைகால்களில் சிறகு கட்டிக் கோபுரத்தினின்று பறந்து ஏறத்தாழ 200 மீட்டர் சென்றபின் வீழ்ந்து இரு கால்களையும் முறித்துக்கொண்டார். பின்புறத்தில் வால் பொருத்தாமையே தம் வீழ்ச்சிக்குக் காரணம் என அவரே கூறியதாக அம்மடத்து வரலாற்றாசிரியர் வில்லியம் எழுதியுள்ளார்.

இரண்டு குறிப்புகளும் ஒரே படிப்பினையைக் கூறுகின்றன. ஏறுதல் பற்றி எண்ணியோர் இறங்குதல் பற்றி எண்ணவில்லை. சிறகைக் கண்டோர் வாலைக் காணவில்லை. பின்வந்த ஆயிரம் ஆண்டு வரலாறு இப்பிழையைத் திருத்திக்கொண்ட வரலாறே எனலாம். லியொனார்தோ தா வின்சி 1505ஆம் ஆண்டளவில் பறவைகளின் பறத்தல் பற்றிய குறிப்பேட்டை எழுதினார். மாந்தர் கைகால் வலியால் சிறகடிக்கும் பொறிகளையும் வரைந்தார். 1680இல் வெளியான நூலில் இத்தாலிய அறிஞர் பொரெல்லி, மாந்தரின் தசைவலி அவர்தம் எடையைச் சிறகடித்துத் தூக்கப் போதாது எனக் காட்டினார். 1799இல் ஆங்கிலேயர் சார்ச்சு கேலி, எடையைத் தாங்கும் விசையையும் முன்செலுத்தும் விசையையும் பிரித்தெண்ணினார். அசையாத சிறகு தாங்கட்டும், செலுத்துதற்கு வேறொன்று அமையட்டும் என்னும் அப்பிரிப்பே சிறகடித்தல் என்னும் கட்டினின்று பறத்தலை விடுவித்தது. 1871இல் பிரெஞ்சுக்காரர் பெனோ, முறுக்கிய ரப்பரால் இயங்கும் சிறு பொறிக்கு நிலைநிறுத்தும் வால் பொருத்தி 40 மீட்டர் அளவு பறக்கவிட்டார்.

செருமானியர் ஓட்டோ லிலியெந்தால் நாரைகளைப் பல ஆண்டு நோக்கி, பறவையின் பறத்தலே வான்செலவுக்கு அடிப்படை என்னும் நூலை 1889இல் வெளியிட்டார். 1891 முதல் ஏறத்தாழ 2000 முறை குன்றினின்று மிதந்து பறந்தார். தம் உடலைச் சாய்த்தே அவர் பொறியை ஆண்டார். 1896 ஆகசுடு 9ஆம் நாள் காற்றின் வீச்சில் பொறி நிலைகுலைய வீழ்ந்து மறுநாள் இறந்தார். அவர் இறப்பு ரைட் உடன்பிறப்பினர்க்குத் தூண்டுதலாயிற்று. பருந்தினங்கள் சிறகின் நுனியைத் திருகி நிலைதிருத்துவதை அவர்கள் கண்டனர். சிறகைத் திருகும் அமைப்பை 1899 முதல் ஆய்ந்து, 1903 திசம்பர் 17ஆம் நாள் 12 நொடியில் 120 அடி பறந்தனர். பிறரெல்லாம் வலிமை மிக்க இயந்திரத்தைத் தேடியபோது, அவர்கள் செலுத்தும் திறத்தைத் தேடினர்.

பறவையிடமிருந்து கற்க வேண்டுவது சிறகடிப்பன்று, நிலைதிருத்தும் முறை என்பது இவ்வரலாற்றால் அறியப்படும். உருவத்தைப் பின்பற்றியோர் வீழ்ந்தனர். ஆளும் முறையைக் கற்றோர் பறந்தனர்.

சான்றாகக் கொள்ளுதலின் இடர்

இவ்வொப்பீட்டைக் கண்டு, திருத்தக்கதேவர் ரைட் உடன்பிறப்பினர்க்கு ஆயிரம் ஆண்டு முன்னரே பறத்தற் கலையை அறிந்திருந்தார் எனக் கூறத் தோன்றலாம். அது பிழை. பொறியை மேலே தூக்கும் விசை எது என்பதற்குக் காப்பியத்தில் விடையில்லை. துணியும் அரக்கும் மெழுகும் கொண்டு செய்த பாவை, கருவுற்ற ஒருத்தியைச் சுமந்து எழாது. மயில் உடற்பாரம் மிக்க பறவை, நெடுந்தொலைவு பறப்பதன்று. வான்செலவின் இயல்பை மட்டும் எண்ணியிருந்தால் புலவர் பருந்தையோ கழுகையோ தேர்ந்திருத்தல் வேண்டும். மேகத்தோடு மயிலுக்குள்ள உறவும் அதன் எழிலும், அரண்மனைக் காவில் ஐயத்துக்கு இடமின்றி அது நிற்கக்கூடும் என்பதுமே கதைக்குப் பொருந்துவன.

பழம்பெரும் அறிவியல் என உரிமைகோரும் நூல்களை ஆராய்ந்த முன்னோடி முயற்சி ஒன்று இங்கு நினைக்கத்தக்கது. வைமானிக சாத்திரம் என்னும் வடமொழி நூலைப் பெங்களூர் இந்திய அறிவியல் நிறுவன ஆய்வாளர் ஐவர் ஆய்ந்து 1974இல் முடிவு வெளியிட்டனர். அந்நூல் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் தோன்றியது என்றும், அதிற் கூறப்பெற்ற ஊர்திகள் பறக்கத்தக்கன அல்ல என்றும் அவர்கள் காட்டினர். நூலை இகழ்தல் அவர்தம் நோக்கமன்று. கூற்றை அதன் சொற்களைக்கொண்டே அளந்தனர். தமிழ்க் காப்பியத்துக்கும் அவ்வளவை வேண்டும்.

வானூர்திச் சான்று என்னும் வாசிப்பால் நேரும் பெருங்கேடு வரலாற்றுப் பிழை மட்டுமன்று. அது காப்பியத்தைப் பாதியிலே நிறுத்திவிடுகின்றது. பொறி பறந்தது என்னுமிடத்தில் பெருமிதம் கொள்வோர், பொறி எங்கே இறங்கியது என வினவுவதில்லை. விசயையின் மயக்கமும் சுடுகாடும் அவர்க்கு வேண்டாதனவாகின்றன. காப்பியமோ அங்கேதான் தொடங்குகின்றது. உ.வே. சாமிநாதையர் 1887இல் நச்சினார்க்கினியர் உரையோடு சிந்தாமணியைப் பதிப்பித்தபோது தமிழுலகம் பெற்றது ஒரு முழுக்காப்பியத்தை. அதினின்று ஒரு பொறியை மட்டும் கழற்றி எடுத்துக்கொள்ளுதல் அப்பதிப்புழைப்புக்குச் செய்யும் கைம்மாறாகாது.

மறுபுறம், இது வெறுங்கற்பனை என ஒதுக்குதலும் குறைபாடுடையது. வெறுங்கற்பனைக்குப் பொருட்பட்டியல் வேண்டா, ஏழுநாள் வரையறை வேண்டா, பயிற்சி வேண்டா. மந்திரத்தாலும் விஞ்சையராலும் வான்செலவை அமைக்கும் வாய்ப்பு அக்காப்பியத்திலேயே உண்டு. விஞ்சையர் உலகைப் பிற இலம்பகங்களில் விரித்துப் பாடிய புலவர், தொடக்கத்தில் மட்டும் கைவினைப் பொறியை நாடியமைக்குக் காரணம் உண்டு. விஞ்சை தவறினால் அதனைக் குற்றம் என்போம். பொறி தவறினால் ஊர்பவரின் துயரம் என்போம். விசயையின் துயரத்தைக் கதையின் இயக்குவிசையாக்குதற்கு, தவறக்கூடிய ஊர்தி ஒன்று புலவர்க்குத் தேவைப்பட்டது.

எல்லை நிலமும் காற்றும்

கூத்துமாடம் அமைந்த பாலக்காட்டு நிலமும், அதற்குத் தெற்கே தமிழகத்தோடு எல்லை பகிரும் இடுக்கியும் காற்றின் வழிகளாகும். மேற்குத்தொடர்ச்சி மலையில் பாலக்காட்டுக் கணவாய் ஏறத்தாழ 30 கிலோமீட்டர் அகலத்தில் திறந்துள்ளது. தென்மேற்குப் பருவக்காற்று அவ்வழியே கோவை, உடுமலைப் பகுதிகளில் பாய்கின்றது. இடுக்கியின் கீழ்விளிம்பில் கம்பம் கணவாய் அதே பணியைத் தேனி மாவட்டத்துக்குச் செய்கின்றது. தமிழகத்தின் காற்றாலைகள் பலவும் இக்கணவாய்களின் வாயில்களில் நிற்கின்றன. கம்பம் பள்ளத்தாக்கை நோக்கிய இராமக்கல்மேடு காற்றுக்குப் பெயர்பெற்றது. இடுக்கியின் வாகமண் குன்றுச்சரிவுகளில் துணிச்சிறகில் மிதந்து பறப்போர், சரிவில் மோதி மேலெழும் காற்றையே ஊர்கின்றனர். அவர் சிறகு அடிப்பதில்லை. வட்டமிடும் பருந்தும் அவ்வாறே சிறகடியாது மேலேறுகின்றது. லிலியெந்தால் குன்றினின்று கற்றதும் இதுவே.

இடுக்கி மாவட்டத்துத் தொடுபுழைப் பகுதியைச் சேர்ந்த சஜி தோமஸ், கேட்டலும் பேசுதலும் இன்றிப் பிறந்தவர். முறையான பொறியியற் கல்வி பெறாத அவர், பல ஆண்டு முயன்று இருவர் அமரும் இலகுவான வானூர்தியைத் தாமே அமைத்தார். அவர் வாழ்வைத் தழுவி ‘விமானம்’ என்னும் மலையாளத் திரைப்படம் 2017இல் வெளிவந்தது. கைவினைஞன் ஒருவன் கிடைத்த பொருளைக்கொண்டு ஊர்தி செய்தலும், அவ்வூர்தி பின் கதையாதலும் ஆகிய இரண்டும் காப்பியக் காலத்தோடு முடிந்துவிடவில்லை. ஆயின் ஒரு வேறுபாடு உண்டு. சச்சந்தனின் கம்மியனுக்குக் காப்பியம் பெயர் தரவில்லை. மயனோ என ஐயுறத்தக்கவன் எனத் திறத்தை மட்டுமே புலவர் புகழ்ந்தார். இக்காலக் கதையில் கைவினைஞனே தலைவன். இம்மாற்றம் தனித்து ஆராயத்தக்கது.

முடிவுரை

சம்பாதி கதையில் பறத்தல் சிறகின் இயல்பு. அதன் இழப்பு அன்பின் விலை. புறப்பாட்டில் வான்செலவு அறத்தின் பயன். அதற்குச் செலுத்துவோர் வேண்டா. பெருங்கதையில் அது கைவினையின் பயன், அதில் இடரில்லை. சிந்தாமணியில் அது கைவினையின் பயனாகவும், கற்க வேண்டிய திறமாகவும், தவறக்கூடிய செயலாகவும் அமைகின்றது. உண்மை மயிலையும் செய்த மயிலையும் அருகருகே நிறுத்தி உருவொப்புமையைக் காட்டிய புலவர், அடுத்தபடியாகத் திரிக்கும் பொறியைக் கூறி, பறத்தல் உருவத்தில் இல்லை என உணர்த்தியுள்ளார். பறவையின் உருவைப் பின்பற்றிய உலகோர் பட்டறிவால் எய்திய இவ்வேறுபாட்டைக் காப்பியம் கதைத்தேவையால் எய்தியது. இரண்டையும் ஒன்றெனக் கொள்ளாமல், இரண்டின் பெருமையையும் தனித்தனியே போற்றுதல் வேண்டும்.

பொறி சுடுகாட்டில் இறங்கியது. அங்குப் பிறந்த மகவைக் கந்துக்கடன் எடுத்தபோது மகவு தும்மியது. ‘சீவ’ என்ற வாழ்த்தொலி எழுந்தது. அதுவே அவன் பெயராயிற்று. மன்னன் மாண்டான், நாடு போயிற்று, தேவி தவக்கோலம் பூண்டாள். சச்சந்தன் பொறிக்கு இட்ட பணி ஒன்றே. கருவிலிருந்த உயிரை அரண்மனைக்கு வெளியே சேர்ப்பித்தல். செலுத்துவோள் மயங்கிய பின்னும் மயிற்பொறி அதனைச் செய்து முடித்தது. தமிழ்க் காப்பியத்துள் மயிற்பொறியின் சிறப்பை அளக்க வேண்டிய இடம் அச்சுடுகாடே.